குளிர்ந்த ஆசிய மரக்கறி சலட்: யாழ்ப்பாணத்துச் சமையலறையில் தண்ணி விடாமல் செய்யும் முறை

பச்சை மரக்கறியை அரிந்து, தேசிக்காய்ப் புளி விட்டு, பிறிட்ஜுக்குள் வைத்தால் சலட் ஆகிவிடும் என்று நம்பி இறங்குகிறவர்களுக்கு ஒரு மணித்தியாலம் கழித்துக் கிடைப்பது, அடியில் அரைக் கோப்பை தண்ணியும் மேலே துவண்டுபோன கோவாவும்தான். செய்முறைகள் பெரும்பாலும் குளிர்நாட்டுக்காரர் எழுதியவை. அவர்களின் குசினி எங்கள் குசினியைப் போல வெக்கையில்லை, கிணற்றுத் தண்ணிப் பிரச்சினையில்லை, கரண்ட் போவதும் குறைவு. இங்கே, இருக்கிற சாமான்களை வைத்து, முதல் தரமே சரிவரச் செய்வதற்கு என்ன வேண்டும், எவ்வளவு நேரம் எடுக்கும், எங்கே பிழைக்கும் என்பதைத்தான் கீழே எழுதியிருக்கிறது.

ஒன்றை முதலே மனதில் வையுங்கள். எங்கள் கை சம்பலுக்குப் பழகின கை. சம்பல் செய்த உடனே சோற்றோடு சேர்ந்துவிடும், அதனால் அது தண்ணி விட்டாலும் குற்றமில்லை. குளிர வைக்கிற சலட் காத்திருக்க வேண்டிய சாமான். அதற்குள் இருக்கும் தண்ணியை நீங்கள் முதலே வெளியே எடுக்காவிட்டால், அது தானாகவே வெளியே வரும், அதுவும் சாப்பாட்டு மேசையில் வைத்து.

அளவுகள் ஆறு பேருக்கு, சோற்றோடு பக்கக்கறியாக. மேசைக்கரண்டி என்றால் 15 மில்லிலீற்றர், தேக்கரண்டி என்றால் 5 மில்லிலீற்றர். வீட்டுக் கரண்டிகள் கண்டபடி இருக்கும். மருந்துப் போத்தலோடு வரும் அளவு மூடியால் ஒருதரம் அளந்து பார்த்து, எந்தக் கரண்டி எந்த அளவு என்று தெரிந்து வைத்துக்கொள்ளுங்கள்.

1. சந்தையில் வாங்க வேண்டியது

கோவா 400 கிராம், அதாவது நடுத்தரக் கோவாவில் அரைவாசி. கரட் 200 கிராம். வெள்ளரிக்காய் 250 கிராம். பயிற்றங்காய் 150 கிராம். கறிமிளகாய் ஒன்று. சின்னதாக ஒரு பம்பாய் வெங்காயம். கொத்தமல்லி இலையும் புதினாவும் ஒவ்வொரு கைபிடி. தோல் நீக்காத பச்சைக் கச்சான் 60 கிராம், எள்ளு ஒரு மேசைக்கரண்டி. தேசிக்காய் மூன்று அல்லது நாலு, இஞ்சி ஒரு விரற்கட்டை அளவு, உள்ளி ஒரு பல், பச்சைமிளகாய் இரண்டு.

திருநெல்வேலி, சுன்னாகம், மருதனார்மடம் சந்தைகளில் காலையில் போனால் இது எல்லாம் ஒரே சுற்றில் கிடைத்துவிடும். பத்து மணிக்குப் பிறகு போனால் இலை வகை வாடியிருக்கும். வாடின கொத்தமல்லியைக் குளிர்தண்ணியில் நிமிர்த்தலாம், வாடின புதினாவைக் கையால் தொட்டாலே கறுக்கும்.

கோவாவைத் தூக்கிப் பார்த்து வாங்குங்கள். அளவுக்குப் பாரமாக, அமத்தினால் உள்ளே போகாமல் இருக்க வேண்டும். பொருபொருவென்று இருக்கும் கோவாவை வறை வறுக்க விடுங்கள், சலட்டுக்கு அது சரிவராது. மழை முடிந்து தை, மாசியில் உள்ளூர்த் தோட்டக் கோவா வரும்போது இந்தச் சலட்டைச் செய்து பழகுவது நல்லது. மற்ற மாதங்களில் மலைநாட்டுக் கோவா பயணம் செய்து வருவதால் வெளி இலை மூன்றையாவது கழற்ற வேண்டிவரும், அந்தக் கழிவையும் கணக்கில் எடுத்து நிறுத்து வாங்குங்கள்.

வெள்ளரிக்காய் பிஞ்சாக இருக்க வேண்டும். முற்றினதில் விதைப்பகுதி முழுக்கத் தண்ணி. வாங்கினவுடன் காம்புப் பக்கத்தை அரை அங்குலம் வெட்டி நாக்கில் வைத்துப் பாருங்கள். கசப்பு பெரும்பாலும் காம்புப் பக்கத்தில்தான் நிற்கும். இன்னும் ஒரு அங்குலம் வெட்டியும் கசந்தால் அந்தக் காயையே விட்டுவிடுங்கள், உப்போ சீனியோ அதை மறைக்காது.

தக்காளி இந்தப் பட்டியலில் இல்லை, அது மறதியல்ல. கலியாணவீட்டுச் சலட்டில் தக்காளி இருக்கும், ஆனால் அது வெட்டி உடனே பரிமாறுவது. பிறிட்ஜில் தக்காளி வாசமும் இழக்கும், தண்ணியும் விடும். நிறத்துக்கு ஆசையென்றால் பரிமாறும்போது விதையை எடுத்துவிட்டு மேலே நாலு துண்டு வையுங்கள்.

2. செலவு எங்கே கூடும், எங்கே குறைக்கலாம்

சிவப்பு, மஞ்சள் குடைமிளகாய், ஊதாக் கோவா, இலைக்கோவா (லெட்டஸ்) இவற்றைப் படத்தில் பார்த்துவிட்டு வாங்கப் போனால் செலவு இரண்டு மூன்று மடங்காகும். இங்கே அவை தேவையில்லை. கறிமிளகாய் குடைமிளகாயின் வேலையைச் செய்யும். ஊதாக் கோவா போட்டாலும் அதன் சாயம் புளிபட்டுச் சிவந்து, மற்ற மரக்கறி முழுவதையும் இளஞ்சிவப்பாக்கிவிடும். இலைக்கோவா பத்து நிமிடத்தில் துவளும். அதைக் குளிர வைக்கும் சலட்டில் சேர்ப்பது காசைத் தண்ணியில் போடுவதுதான்.

அதிகம் பேர் வீணாகச் செலவழிப்பது வறுத்த எள்ளெண்ணெய் என்று சின்னப் போத்தலில் வரும் இறக்குமதிச் சாமானுக்கு. சீன, ஜப்பானிய, கொரியச் செய்முறைகளில் “எள்ளெண்ணெய்” என்று இருப்பது, எள்ளை நன்றாகச் சிவக்க வறுத்துப் பிழிந்த கடும் வாசமுள்ள எண்ணெய். எங்கள் நல்லெண்ணெய் வறுக்காத எள்ளில் ஆட்டினது. இரண்டும் ஒன்றல்ல. ஆனால் நல்லெண்ணெயை அந்த வாசத்துக்குப் பக்கத்தில் கொண்டுவரலாம்: இரண்டு மேசைக்கரண்டி நல்லெண்ணெயை இளஞ்சூடாக்கி அடுப்பை நிறுத்தி, வறுத்து இடித்த எள்ளு ஒரு தேக்கரண்டி போட்டுப் பத்து நிமிடம் மூடி வையுங்கள். வடிக்கத் தேவையில்லை, எள்ளோடேயே பாவிக்கலாம்.

தேங்காயெண்ணெயை இதற்கு எடுக்கவே வேண்டாம். 24 பாகைக்குக் கீழே அது உறையும். பிறிட்ஜில் 4 பாகைக்குப் போனால் மரக்கறி முழுவதிலும் வெள்ளை மெழுகு படிந்த மாதிரி ஒட்டிக்கொள்ளும். தேங்காய்ப்பூ, தேங்காய்ப்பால் இரண்டும் அதே காரணத்தாலும், கெதியாகப் பழுதாகும் என்பதாலும் வேண்டாம். சம்பல் கை தேங்காய்ப்பூவைத் தேடும், பழக்கம்.

3. போத்தல்களின் லேபிளை வாசித்தல்

சோயா சோஸில் மெல்லியது, தடித்த கறுப்பு என்று இரண்டு உண்டு. வேண்டியது மெல்லியது. தடித்ததில் நிறத்துக்காகக் கருக்கின சீனி கூட. ஒரு மேசைக்கரண்டி விட்டாலே வெள்ளைக் கோவா சேற்று நிறமாகிவிடும். போத்தலைச் சரித்துப் பாருங்கள்: தண்ணிபோல ஓடினால் மெல்லியது, கண்ணாடியில் ஒட்டி மெதுவாக இறங்கினால் தடித்தது. மெல்லியதில் ஒரு மேசைக்கரண்டிக்குள் கிட்டத்தட்ட அரைத் தேக்கரண்டி உப்பு இருக்கிறது. ஆகவே இந்தச் செய்முறையில் சாறுக்கு, அதாவது சலட்டில் விடும் ட்ரெஸிங்குக்கு, இஞ்சி உள்ளி இடிக்கும் ஒரு சிட்டிகையைத் தவிரத் தனியாக உப்பு கிடையாது. பெரும்பாலான சோயா சோஸில் கோதுமையும் சேரும், கோதுமை ஒத்துக்கொள்ளாதவர்கள் வீட்டில் இருந்தால் சேர்மானப் பட்டியலைக் கட்டாயம் பாருங்கள்.

வினாகிரியிலும் இரண்டு. ஒன்று தென்னங்கள்ளைப் புளிக்க வைத்து எடுப்பது, மற்றது அசற்றிக் அமிலத்தைத் தண்ணியில் கலந்த செயற்கை வினாகிரி. லேபிளில் எதென்று எழுதியிருக்கும். தென்னை வினாகிரியின் புளிப்பு மெத்தென்று இருக்கும், செயற்கையின் புளிப்பு மூக்கில் ஏறும். செய்முறை அரிசி வினாகிரி என்று கேட்டால், ஒரு மேசைக்கரண்டிக்குப் பதில் தென்னை வினாகிரி இரண்டு தேக்கரண்டியும் தண்ணி ஒரு தேக்கரண்டியும் ஒரு சிட்டிகை சீனியும் கலந்தால் போதும். கள்ளிலிருந்து வந்தது வேண்டாம் என்கிற வீடுகளில் வினாகிரியைத் தவிர்த்து, தேசிக்காய்ப் புளியை மட்டும் ஒரு மேசைக்கரண்டி கூட்டுங்கள்.

தாய்லாந்து, வியட்நாம் வகைச் செய்முறைகளில் மீன் சோஸ் வரும். நல்லூர்த் திருவிழாவின் 25 நாளும், வெள்ளிக்கிழமைகளிலும் மச்சம் தொடாத வீடுகளுக்கு இது ஒத்துவராது. ஒயிஸ்ரர் சோஸ் கறுப்பாக, சோயா மாதிரித் தெரிந்தாலும் அதுவும் மச்சம்தான். சைவக்காரருக்குச் செய்யும்போது போத்தல் மாறிப் போகாமல் பாருங்கள்.

4. கழுவுதல், தண்ணி

இது சமைக்காமல் சாப்பிடுவது, ஆகவே கடைசியாகத் தொடுகிற தண்ணி கொதித்தாறின தண்ணியாக இருக்க வேண்டும். கிணற்றுக்கும் மலக்குழிக்கும் இடைவெளி குறைந்த வளவுகள் இங்கே கனக்க. கண்ணுக்குத் தெளிவாகத் தெரிகிற தண்ணி சுத்தமென்று அர்த்தமில்லை. முதல் இரண்டு கழுவலையும் குழாய்த் தண்ணியில், ஓடவிட்டு, கையால் உரசிச் செய்யலாம். மூன்றாவது கழுவல் கொதித்தாறின தண்ணியில். மொத்தமாக நாலு லீற்றர் முதல் நாள் இரவே கொதிக்க வைத்து மூடிவிடுங்கள். ஐஸ் கட்டி போடுவதும் அந்தத் தண்ணியிலேயே.

வெட்டின பிறகு கழுவாதீர்கள். கோவாவை நாலாகப் பிளந்து கழுவலாம், அரிந்தபின் கழுவினால் வெட்டுவாயால் தண்ணி உள்ளே போகும், நீங்கள் அதைத் திரும்பப் பிழிந்து எடுக்க வேண்டும். செம்பாட்டு மண்ணில் விளைந்த கரட்டின் தலைப்பகுதியில் மண் ஒளிந்திருக்கும், அதை வெட்டி எறிந்துவிட்டுச் சீவுங்கள். கொத்தமல்லியை அடித்தண்டோடு ஒரு பாத்திரத்துக்குள் அமிழ்த்தி, தூக்கி எடுங்கள். தண்ணியைச் சரித்து ஊற்றினால் அடியில் படிந்த மண் திரும்ப இலைக்கே வரும்.

உவர்த்தண்ணிக் கிணறுள்ள கரையோர வீடுகளில், கழுவும் தண்ணியே உப்பாக இருந்தால், கீழே 6ஆவது படியில் சொல்கிற உப்பைச் சற்றுக் குறைத்து, நாக்கில் வைத்துப் பார்த்துப் போடுங்கள்.

5. வெட்டுதல்

துருவியைத் தூர வையுங்கள். துருவினால் மரக்கறி கிழிபடும்; கிழிபட்ட இடமெல்லாம் தண்ணி வழியும். கூரான கத்திதான் இந்தச் சலட்டின் பாதி. மொட்டைக் கத்தியால் வெட்டின கோவாவின் ஓரம் கெதியாக மண்ணிறமாகத் தொடங்கும்.

கோவாவின் நடுத்தண்டைச் சாய்வாக வெட்டி எடுத்துவிட்டு, தட்டையான பக்கம் பலகையில் படும்படி வைத்து, நரம்புக்குக் குறுக்காக 2 மில்லிமீற்றர் தடிப்பில் அரியுங்கள். நூல் மாதிரி மெல்லிசாக அரிந்தால் உப்புப் பட்டவுடன் சவளும், தடித்தால் மாடு அசைபோட்ட மாதிரி மெல்ல வேண்டிவரும். கரட்டை முதலில் சாய்வுத் தட்டாக 3 மில்லிமீற்றரில் வெட்டி, பிறகு தட்டுகளை அடுக்கித் தீக்குச்சி அளவு குச்சிகளாக்குங்கள்.

வெள்ளரிக்காயை நீளத்துக்குப் பிளந்து, தேக்கரண்டியின் நுனியால் விதைப்பகுதியை ஒரே இழுவையில் வழித்து எடுங்கள். பிறகு 4 மில்லிமீற்றர் பிறை வடிவத் துண்டுகள். சீனர்கள் வெள்ளரிக்காயைக் கத்தியின் அகலப் பக்கத்தால் அடித்து வெடிக்க வைத்துத் துண்டாக்குவார்கள். கரடுமுரடான வெடிப்புக்குள் சாறு நன்றாகப் பிடிக்கும். உடனே சாப்பிடுவதென்றால் அது அருமை. நிற்க வைப்பதென்றால் கத்தியால் வெட்டினதுதான் தாக்குப்பிடிக்கும்.

வெங்காயத்தை மெல்லிய வளையமாக அரிந்து ஐஸ்தண்ணியில் பத்து நிமிடம் போட்டு வடியுங்கள், காரமும் நாற்றமும் இறங்கும். இதைச் செய்யாவிட்டால் இரண்டு மணித்தியாலத்தில் பிறிட்ஜைத் திறக்கும்போது வெங்காய வாசம்தான் முன்னுக்கு வரும், பக்கத்தில் இருக்கிற பாலும் அதே வாசம் அடிக்கும்.

6. உப்பிட்டுப் பிழிதல்

இந்தப் படியை விட்டவர்கள்தான் “எனக்குச் சலட் சரிவருவதில்லை” என்று சொல்கிறவர்கள். கோவாவிலும் வெள்ளரிக்காயிலும் நூற்றுக்குத் தொண்ணூறுக்கு மேல் தண்ணிதான். உப்புப் பட்டால் அந்தத் தண்ணி வெளியே இழுபடும். சோயா சோஸும் சீனியும் அதே வேலையைத்தான் செய்யும். ஆகவே தண்ணி எப்படியும் வரும், முதலே வந்து போகட்டும்.

மரக்கறியின் நிறையில் நூற்றுக்கு இரண்டு பங்கு உப்பு என்பது கணக்கு. 400 கிராம் கோவாவுக்கு 8 கிராம், அதாவது தூள் உப்பு ஒன்றேகால் தேக்கரண்டி. 250 கிராம் வெள்ளரிக்காய்க்கு 5 கிராம், முக்கால் தேக்கரண்டி. கட்டி உப்பென்றால் இடித்துத் தூளாக்கிப் போடுங்கள், கட்டியாகப் போட்டால் ஓரிடத்தில் உப்புக் கூடி மற்ற இடம் சப்பென்றிருக்கும். இரண்டையும் வேறுவேறு பாத்திரத்தில் உப்பிடுங்கள். வெள்ளரிக்காய்க்கு 20 நிமிடம் போதும், கோவாவுக்கு 40 நிமிடம் வேண்டும். ஒரே பாத்திரத்தில் போட்டால் ஒன்று கூழாகும் அல்லது மற்றது பச்சையாக நிற்கும். அலுமினியப் பாத்திரம் வேண்டாம், சில்வர் அல்லது கண்ணாடி.

உப்பைப் போட்டுக் கசக்காதீர்கள். விரல்களை விரித்து, அடியிலிருந்து மேலே புரட்டிவிட்டு, சும்மா விடுங்கள். நேரம் முடிந்ததும் ஒரு கோவாக் கீற்றை எடுத்துச் சுட்டுவிரலில் சுற்றிப் பாருங்கள். முறியாமல் வளையம் போட்டுச் சுற்றினால் ஆயத்தம். “டக்” கென்று முறிந்தால் இன்னும் பத்து நிமிடம். கடித்தால் அது இன்னும் நறுக்கென்றுதான் கடிபடும். வளைவதும் துவள்வதும் வேறு.

பிறகு கொதித்தாறின குளிர்தண்ணியை மேலால் ஒருதரம் ஓட ஊற்றி வடித்து, ஒவ்வொரு கைபிடியாக எடுத்து இரண்டு உள்ளங்கைக்கும் நடுவில் அமத்திப் பிழியுங்கள். முறுக்கிப் பிழிந்தால் இழை நசியும். வெள்ளரிக்காயை மெல்லிய பருத்தித் துணியில் பரப்பி, சுருட்டி, மேலால் அமத்தினால் போதும். கடைசியில் பிழிந்த தண்ணியைப் பாருங்கள்: அரைக் கோப்பைக்குக் கிட்ட இருக்கும். அது அவ்வளவும் உங்கள் சாறில் கலந்திருக்க வேண்டிய தண்ணி.

பிழிந்த கோவாவை ஒரு வாய் சாப்பிட்டுப் பாருங்கள். இலேசாக உப்புத் தெரிய வேண்டும். கறிக்குள் போடும் அளவுக்கு உப்பாக இருந்தால் திரும்ப அலசிப் பிழியுங்கள்; இந்த இடத்தில் திருத்தலாம், சாறு விட்ட பிறகு திருத்த முடியாது.

7. பயிற்றங்காய்

பச்சையாகவும் போடுவார்கள், ஆனால் கொதிதண்ணியில் போட்டெடுத்தால் நிறமும் வரும், பச்சை வாடையும் போகும். ஒரு லீற்றர் தண்ணி தளதளவென்று கொதிக்கும்போது ஒரு தேக்கரண்டி உப்புப் போட்டு, 4 சென்ரிமீற்றர் துண்டுகளாக வெட்டின பயிற்றங்காயைப் போட்டு 90 செக்கன். மூடாதீர்கள். எடுத்தவுடன் ஐஸ்தண்ணிக்குள். மூன்று நிமிடத்தில் எடுத்துத் துணியில் துடையுங்கள். ஐஸ் இல்லாமல் வெறும் தண்ணியில் போட்டால், இந்த வெக்கைக்கு அது தன் சூட்டிலேயே தொடர்ந்து வெந்துவிடும்.

பச்சை நிறம் புளியோடு நின்றால் மங்கி ஒலிவ் நிறமாகும். அதனால்தான் பயிற்றங்காய் கடைசியில் சேரும்.

முளைவிட்ட பயறு சேர்க்க விரும்பினால் அதையும் பச்சையாகப் போடாதீர்கள். ஈரமும் இளஞ்சூடும் உள்ள இடத்தில் முளைக்க வைப்பதால் கிருமியும் கூடவே முளைக்கும். 30 செக்கன் கொதிதண்ணியில் போட்டு எடுங்கள். கர்ப்பிணிகளுக்கும் சின்னப் பிள்ளைகளுக்கும் முளையை நன்றாக வேகவைத்துத்தான் கொடுக்க வேண்டும்.

8. சாறு

ட்ரெஸிங் என்று போத்தலில் எழுதியிருப்பதைத்தான் சாறு என்கிறேன். தேசிக்காய்ப் புளி 3 மேசைக்கரண்டி, வினாகிரி 1 மேசைக்கரண்டி, மெல்லிய சோயா சோஸ் 2 மேசைக்கரண்டி, சீவின பனங்கட்டி ஒன்றரை மேசைக்கரண்டி, எள்ளுப் போட்டு வைத்த நல்லெண்ணெய் 2 மேசைக்கரண்டி, இஞ்சி, உள்ளி, பச்சைமிளகாய்.

பனங்கட்டியை இங்கே சொல்வது ஊர்ப்பாசத்தால் அல்ல. தாய்லாந்துக்காரர் பனை வகைச் சர்க்கரையைத்தான் இதற்குப் போடுகிறார்கள். எங்கள் குட்டான் பனங்கட்டி அந்தச் சுவைக்கு வெள்ளைச் சீனியைவிடக் கிட்ட நிற்கும். ஆனால் குளிர்ந்த புளிக்குள் அது கரையாது. இரண்டு தேக்கரண்டி சுடுதண்ணியில் கரைத்து, வடித்து, ஆறவிட்டுச் சேர்க்க வேண்டும். வடிக்காவிட்டால் தும்பும் மண்ணும் பல்லில் கடிபடும். சீனியென்றால் ஒரு மேசைக்கரண்டி.

இஞ்சியையும் உள்ளியையும் ஒரு சிட்டிகை உப்போடு உரலில் இடியுங்கள், அம்மியில் மையாக அரைக்க வேண்டாம். மையாக அரைத்த உள்ளி குளிரில் நிற்க நிற்கக் கசப்பேறும். ஒரு பல்லுக்கு மேலே போகாதீர்கள்.

முதலில் பனங்கட்டி நீர், சோயா, வினாகிரி. பிறகு இஞ்சி, உள்ளி, மிளகாய். இவ்வளவையும் முதல் நாளே கலந்து வைக்கலாம். தேசிக்காய்ப் புளியைப் பரிமாறும் நேரத்துக்குக் கிட்டப் பிழியுங்கள், இரவு முழுக்க நின்றால் வாசம் போய் வெறும் புளிப்பு மட்டும் மிஞ்சும். தேசிக்காய் விலை ஏறிக்கிடக்கும் நாளில் இரண்டு மேசைக்கரண்டி புளியோடு நிறுத்தி, வினாகிரியை ஒன்று கூட்டுங்கள். எண்ணெய் கடைசி. மூடியுள்ள ஜாம் போத்தலில் எல்லாவற்றையும் ஊற்றிக் குலுக்குவதுதான் இலகு.

ருசி பார்க்கும்போது கரண்டியில் நக்கிப் பார்க்காதீர்கள். குளிர்ந்த கோவாக் கீற்று ஒன்றைத் தோய்த்துக் கடித்துப் பாருங்கள். குளிரில் இனிப்பும் உப்பும் நாக்குக்குக் குறைவாகத் தெரியும், ஆகவே அறைச் சூட்டில் “கொஞ்சம் கூடிப்போச்சு” என்று தோன்றும் அளவுதான் சரியான அளவு.

9. கச்சானும் எள்ளும்

கச்சானைத் தாச்சியில், மெல்லிய நெருப்பில், கைவிடாமல் 10 நிமிடம் அளவு வறுங்கள். தோல் கறுப்புப் புள்ளி விட்டு, கையால் உரசினால் கழலும்போது இறக்குங்கள். தாச்சிச் சூட்டிலேயே விட்டால் கருகும், உடனே சுளகில் கொட்டிப் பரப்பிப் புடையுங்கள். கறுத்த, சுருங்கின, பூஞ்சணம் பிடித்த பருப்பை வறுக்க முதலே பொறுக்கி எறியுங்கள். வறுத்தாலும் பூஞ்சண நஞ்சு முழுக்கப் போகாது. ஆறின பிறகு ஒன்றிரண்டாக உடைத்து, காற்றுப் புகாத போத்தலில் போடுங்கள். எள்ளுக்கு மூன்று நிமிடம் போதும், படபடவென்று வெடிக்கத் தொடங்கியதும் இறக்குங்கள்.

இரண்டும் மேசைக்குப் போகும் நிமிடத்தில்தான் சலட்டைத் தொட வேண்டும். விருந்துக்குச் செய்தால் கச்சானைத் தனிக் கோப்பையில் வையுங்கள். கச்சான் ஒவ்வாமை உள்ளவர்கள் கேட்காமலே சாப்பிட்டுவிடுவார்கள்.

10. குளிர வைக்கும் நேரம்

மதியம் ஒரு மணிச் சாப்பாட்டுக்கு: முதல் நாள் இரவு தண்ணி கொதிக்க வைத்து, ஐஸ் போட்டு, கச்சான் வறுத்து, தேசிக்காயும் எண்ணெயும் இல்லாத சாறு கலந்து வைப்பது. காலை ஒன்பதரைக்கு வெட்டத் தொடங்கினால், கை பழகாதவர்களுக்கும் பத்தேகாலுக்கு முடியும். கோவாவுக்கு உப்பு, இருபது நிமிடம் கழித்து வெள்ளரிக்காய்க்கு உப்பு, அந்த இடைவெளியில் பயிற்றங்காய். பதினொன்றுக்குப் பிழிந்து முடித்து, பிறிட்ஜுக்குள். ஒரு மணிக்குப் பத்து நிமிடம் இருக்கும்போது கலக்குவது. இதற்குள் கிட்டத்தட்ட இரண்டு மணித்தியாலக் குளிர் கிடைத்துவிடும்.

குவித்து ஆழமான சட்டியில் வைத்தால் நடுப்பகுதி இரண்டு மணித்தியாலத்திலும் குளிராது. அகன்ற தட்டில் இரண்டு அங்குல உயரத்துக்கு மேல் வராமல் பரப்பி, மூடி, மேல்தட்டில் பின்பக்கமாக வையுங்கள். குளிர்க்காற்று வரும் துவாரத்தை ஒட்டி வைத்தால் வெள்ளரிக்காய் உறைந்து, இளகும்போது கண்ணாடி மாதிரியாகி நொளுநொளுக்கும். பரிமாறும் பாத்திரத்தையும் கூடவே உள்ளே வையுங்கள். இங்கத்தை மத்தியான வெக்கையில், அறைச்சூட்டில் இருந்த பாத்திரத்துக்கு மாற்றினாலே பாதிக் குளிர் போய்விடும்.

அவசரத்துக்கு ஐஸ் கட்டியைச் சலட்டுக்குள் போடுகிறவர்கள் உண்டு. இவ்வளவு நேரம் பிழிந்து எடுத்த தண்ணியைத் திரும்ப ஊற்றுவது அது. அவசரமென்றால் பெரிய பேசினில் ஐஸும் ஒரு கைபிடி உப்பும் போட்டு, சலட் பாத்திரத்தை அதற்குள் இறக்கி வையுங்கள். கரையோரத்தில் மீனுக்கு வாங்குகிற ஐஸ் மலிவென்று அதை எடுத்தால், அது பாத்திரத்தின் வெளிப்பக்கத்தைத் தாண்டி வரக்கூடாது. குடிக்கத் தகுந்த தண்ணியில் செய்ததென்று அதை எண்ண வேண்டாம்.

11. கலக்கும் ஒழுங்கு

சாறு போத்தலில் தேசிக்காய்ப் புளியும் எண்ணெயும் விட்டுக் குலுக்குங்கள். முதலில் கரட்டும் கோவாவும், அதற்குச் சாறில் மூன்றில் இரண்டு பங்கு. புரட்டுங்கள். அடுத்து வெள்ளரிக்காய், பயிற்றங்காய், கறிமிளகாய், வெங்காயம், மிச்சச் சாறு. பாத்திரத்தைச் சரித்துப் பாருங்கள்: அடியில் இரண்டு மேசைக்கரண்டி அளவு சாறு சேர்ந்தால் சரி. அதற்கு மேல் சேர்ந்தால் நீங்கள் பிழிந்தது போதாது, சாறை வடித்து எடுத்து ஒரு தேக்கரண்டி சோயாவும் கொஞ்சம் தேசிக்காய்ப் புளியும் புதிதாக விடுங்கள். இலைகளைக் கையால் கிள்ளிப் போடுங்கள், வல்லாரை இருந்தால் நாலைந்து இலை. பர்மாக்காரர் வல்லாரையில் சலட்டே செய்கிறார்கள், எங்களுக்கும் அது புதிய ருசியல்ல. கூடினால் கசக்கும். கடைசியில் கச்சானும் எள்ளும்.

பப்பாசிக்காயில் செய்ய விரும்புகிறவர்கள் கோவாவுக்குப் பதில் 400 கிராம் பச்சைப் பப்பாசிக்காயை எடுங்கள். வெட்ட முதல் தோலில் நாலு கீறல் போட்டுப் பால் வடியவிட்டு, சீவி, குச்சிகளாக்கி, ஐஸ்தண்ணியில் 15 நிமிடம் போட்டு வடித்துத் துடையுங்கள். உப்பிட்டுப் பிழிய வேண்டாம், அது கோவா அளவுக்குத் தண்ணி விடாது. கர்ப்பிணிகள் இருக்கும் வீட்டில் கோவாவிலேயே செய்யுங்கள்.

12. மிஞ்சினால், கொண்டுபோனால், கரண்ட் போனால்

கலந்த சலட் மேசையில் இரண்டு மணித்தியாலத்துக்கு மேல் நிற்கக்கூடாது. சித்திரை, வைகாசி வெயிலில், அதுவும் பந்தலுக்குக் கீழே என்றால் ஒரு மணித்தியாலம்தான் கணக்கு. புளி இருக்கிறது, பழுதாகாது என்று நினைக்காதீர்கள். இந்தப் புளி ஊறுகாய்ப் புளியல்ல.

வெளியே கொண்டுபோவதென்றால் மரக்கறி, சாறு, கச்சான் மூன்றும் வேறுவேறாக, ரெஜிபோம் பெட்டிக்குள் ஐஸ் போத்தல்களோடு. போத்தலில் உறைய வைத்த தண்ணி உருகினாலும் வெளியே ஒழுகாது, பிறகு குடிக்கவும் உதவும். கரண்ட் போனால் பிறிட்ஜைத் திறக்காதீர்கள். மூடியே இருந்தால் நாலு மணித்தியாலம் அளவுக்குக் குளிரைப் பிடித்து வைக்கும். “இன்னும் குளிராக இருக்கிறதா” என்று பார்ப்பதற்காகத் திறப்பதுதான் குளிரைக் குறைக்கும்.

பிழிந்து, சாறு சேர்க்காமல், உலர்ந்த துணி விரித்த மூடிப் பெட்டியில் வைத்த கோவாவும் கரட்டும் இரண்டு நாள் நிற்கும். சாறு சேர்த்ததில் வெள்ளரிக்காய் அடுத்த நாளே குழைந்துவிடும், அதை அன்றைக்கே பொறுக்கிச் சாப்பிட்டு முடியுங்கள். மிச்சக் கோவாவும் கரட்டும் அடுத்த நாள் காலை சற்று ஊறி, இன்னும் நன்றாகவே இருக்கும். வடித்து, பாணுக்குள் வைக்கலாம். ஃபிறைட் றைஸுக்குள் போடுவதென்றால் அடுப்பை நிறுத்தின பிறகு போட்டுப் புரட்டுங்கள், தாச்சி சூடாக இருக்கும்போது போட்டால் வினாகிரி ஆவி கண்ணில் அடிக்கும்.